திருகோணமலை நிலாவெளிக் கடற்கரை மணல்மேட்டில் நட்ட அடம்பன் கொடி ஏன் கருகுகிறது?

வைகாசியில் நட்டதுதான் காரணம். இனித் தண்ணீர் ஊற்றிப் பயனில்லை. கச்சான் என்கிற வறண்ட தென்மேற்குக் காற்று அடிக்கும் மாதங்களில் மேல்மணல் கொதிக்கும், வேர் பிடிக்கும் முன்பே கொடி கருகிவிடும். ஐப்பசியில் மழை இறங்கியதும் திரும்ப நடுங்கள்.

இளங்கொடி வேண்டாம். முற்றிய கொடியில் நாலைந்து கணு இருக்கிற மாதிரி வெட்டி, சாய்வாகப் புதைத்து, நுனி மட்டும் வெளியே தெரிய விடுங்கள். கணுவில்தான் வேர் வரும். தூரத் தூர நடாதீர்கள். அடம்பன் கொடியும் திரண்டால்தானே மிடுக்கு! இடையில் இராவணன் மீசைப் புல் வைத்தால் பறக்கிற மணலை அது பிடித்து வைக்கும்.

நடுமுன் முழங்கை ஆழத்துக்குத் தோண்டிப் பாருங்கள். அடிமணல் ஈரமாகக் கையில் உருண்டை பிடித்தால் சரி. அப்புறம், மொட்டையான இடம் கடலை நோக்கி நீளமாகக் கிடக்கிறதா? அப்படியென்றால் அது ஆட்கள் நடக்கிற, வள்ளம் இழுக்கிற தடம். அதை ஒரு பக்கம் ஒதுக்காமல் எதை நட்டாலும் மிதிபட்டுத்தான் போகும்.

சவுக்கு நடலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். என்னைக் கேட்டால் வேண்டாம். உதிர்கிற சருகு மெத்தை போலப் படிந்து கீழே எதையும் முளைக்க விடாது.

ஒன்று கவனம்: கரையிலிருந்து 300 மீற்றர் வரை கரையோர வலயம். வேலி போடுவதென்றால் முதலில் கரையோரம் பேணல் திணைக்களத்தில் கேளுங்கள். தோண்டும்போது ஆமை முட்டை தட்டுப்பட்டால் தொடாமல் மணலை மூடிவிட்டு, வேறு இடத்தில் நடுங்கள்.