மணலுக்கடியில் என்ன இருக்கிறது? – கடிதமும் பதிலும்

வணக்கம் சார்,

தார் பாலைவனத்தைப் பற்றி உருப்படியாக வாசிக்க வேண்டும் என்று ஆறு மாதமாக முயல்கிறேன். கையில் கிடைத்த பயண நூல்கள் எல்லாம் ஒரே மாதிரி: ஒட்டகம், அந்திவெயில், கோட்டை, தலைப்பாகை. பிரிட்டிஷ் அதிகாரி கர்னல் டாட் ராஜஸ்தான் பற்றி எழுதிய பெரிய நூலைத் தொடங்கி நூறு பக்கத்தில் நின்றுவிட்டேன். முழுக்க ராஜபுத்திர வம்சாவளி. பாலை என்றால் முல்லையும் குறிஞ்சியும் திரிந்த நிலம் என்று சிலப்பதிகாரத்தில் படித்த நமக்கு, உண்மையான பாலையில் சனங்கள் எப்படிக் காலம் தள்ளுகிறார்கள் என்று சொல்லும் நூல் எது? இந்தி சுமாராக வாசிப்பேன். எந்த வரிசையில் போகலாம்?

ஆர்.

அன்புள்ள ஆர்,

டாடை மூடி வைத்தது நல்லதுதான். கடைசியில் எடுத்துக்கொள்ளலாம்.

அனுபம் மிஸ்ராவின் 'ராஜஸ்தான் கி ரஜத் பூந்தேன்' நூலில் தொடங்குங்கள். ராஜஸ்தானின் வெள்ளித் துளிகள் என்று பொருள். 1995ல் டெல்லியின் காந்தி சாந்தி பிரதிஷ்டான் வெளியிட்டது. சின்ன நூல், எளிய இந்தி. காப்புரிமை வைத்துக்கொள்ளாமல் வெளியிட்டதால் இணையத்தில் தேடினால் கிடைக்கும்.

அதில் முதலில் 'குஈ' பற்றிய பகுதியை வாசியுங்கள். இந்தச் சொல்லைக் 'கிணறு' என்று மொழிபெயர்த்துக்கொண்டால் நூல் பிடிபடாது. அந்த ஊர்க்காரர்களுக்குத் தண்ணீர் மூன்று வகை. மழையாகப் பெய்து தரையில் ஓடுவதும் குளத்தில் தேங்குவதும் பாலர் பானி. ஆழத்தில் இருக்கும் நிலத்தடி நீர் பாதாள் பானி. அங்கே பல இடங்களில் அது வாயில் வைக்க முடியாத உப்பு. இரண்டுக்கும் நடுவே மணலில் ஈரமாகவே தங்கியிருப்பது ரேஜாணி பானி. சூரு, பீகானேர், ஜைசல்மேர், பார்மேர் பக்கம் சில இடங்களில் மணலுக்கடியில் ஜிப்சம் என்ற கனிமத்தின் பட்டை ஓடுகிறது. மழை ஈரம் அதைத் தாண்டி இறங்கி உப்புநீரில் கலப்பதில்லை. மேலே வெயிலிலும் போவதில்லை. களிமண் காய்ந்தால் பாளம் பாளமாக வெடித்து ஈரத்தை வெளியே விட்டுவிடும். மணல் துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டுவதில்லை, அதனால் வெடிப்பும் இல்லை. மழையைக்கூட அங்கே அங்குலத்தில் அளக்காமல், ஈரம் மணலில் எவ்வளவு ஆழம் இறங்கியது என்று 'ரேஜா' கணக்கில்தான் சொல்வார்கள்.

அந்த ஈரத்தைச் சொட்டுச் சொட்டாக வடிப்பதற்கான குழிதான் குஈ. ஆழம் 30 முதல் 60 முழம் வரை. விட்டம் மட்டும் குறுகல். காரணம் எளிது: ஒரு நாளில் ஊறுவது இரண்டு மூன்று குடம். அகலமான அடியில் அது பரவிக் கிடந்தால் வாளியில் ஏறாது. குறுகலாக இருந்தால் இரண்டு மூன்று முழம் உயரத்துக்கு நிற்கும், ஆவியாவதும் குறையும். தோண்டுபவர் சேஜாரோ. உட்கார்ந்தபடி, சிறு மண்வெட்டி போன்ற குட்டைப்பிடிக் கருவியால் கொத்துவார். ஆழம் போகப்போகப் புழுக்கம் தாங்காது. அதனால் மேலே நிற்பவர்கள் அவ்வப்போது கைப்பிடி மணலை வேகமாக உள்ளே வீசுவார்கள். மணலோடு வெளிக்காற்று கீழே இறங்கும், உள்ளிருக்கும் சூடு மேலே தள்ளப்படும். அந்த மணல் தலையைப் பதம் பார்க்காமலிருக்க உலோகத் தொப்பி.

கல்லும் செங்கலும் கிடைக்காத இடத்தில் சுவர் சரியாமலிருக்க 'கீம்ப்' என்ற செடியில் திரித்த கயிற்றையே அடியிலிருந்து சுருள் சுருளாகச் சுற்றிக்கொண்டு வருவார்கள். கணக்கைப் பாருங்கள். 5 முழ விட்டத்துக்கு ஒரு சுற்றே 15 முழம். ஒரு முழ ஆழத்துக்கு எட்டுப் பத்துச் சுற்று. 30 முழக் குஈக்கு ஏறக்குறைய 4000 முழம் கயிறு. இந்தக் கணக்கைத் தெரியாதவர், குழிக்கரையில் மலையாகக் கிடக்கும் கயிற்றைப் பார்த்தால் தண்ணீர் இறைக்கத்தான் என்று நினைத்துக்கொள்வார்.

குஈயில் தவறு நேர்வது பெரும்பாலும் எண்ணிக்கையில். ஒரு வருட மழை விட்ட ஈரம் இவ்வளவுதான். புதிதாக ஒன்று தோண்டினால் பக்கத்துக் குஈயின் பங்கு குறையும். குஈ குடும்பத்துக்குச் சொந்தம், நிலம் ஊருக்குச் சொந்தம், ஊர் சம்மதிக்காமல் தோண்ட முடியாது. அதே ஜிப்சம் பட்டை இந்திரா காந்தி கால்வாய் வந்த பிறகு வினையானது. பஞ்சாபின் ஹரிகேயிலிருந்து வரும் நீரைத் தாராளமாகப் பாய்ச்சியதும் கீழே இறங்க வழியின்றி வயல்களிலேயே தேங்கி, உப்பு பூத்தது. அங்கே இதற்குப் பெயர் 'சேம்'. ஆகவே தார் பற்றி எந்த நூலை எடுத்தாலும், மணலுக்கடியில் என்ன இருக்கிறது என்று ஆசிரியருக்குத் தெரிகிறதா என்று முதலில் பாருங்கள். தெரியவில்லையென்றால் அது சுற்றுலாப் புத்தகம்.

அடுத்து நாட்டார் வழக்காற்று ஆய்வாளர் கோமல் கோத்தாரி. அவர் அதிகம் எழுதியவரில்லை, பேசியவர். ருஸ்தம் பரூச்சா அவரோடு நிகழ்த்திய உரையாடல்கள் 2003ல் ஆங்கிலத்தில் நூலாக வந்தன. ராஜஸ்தானை அரச வம்சங்களாகப் பிரிக்காமல் கம்பு, சோளம், மக்காச்சோளம் என்று தின்னும் தானியத்தால் மூன்றாகப் பிரித்தவர் அவர். பாலைவனம் கம்பு மண்டலம். மேடைகளில் ஒரே கூட்டமாக நிறுத்தப்படும் லங்கா, மாங்கணியார் என்ற இரு பாடகர் சமூகங்களும் ஏன் வேறு வேறு என்பதும் அவரிடம் துலங்கும். இருவரும் முஸ்லிம்கள். லங்காவுக்குப் புரவலர்கள் சிந்தி சிப்பாய் முஸ்லிம்கள், கையில் சிந்தி சாரங்கி. மாங்கணியாருக்குப் பெரும்பாலும் இந்துக்கள், கையில் கமைச்சா என்ற வில் வாத்தியம்.

கதை வேண்டுமென்றால் விஜய்தான் தேத்தா. 1960ல் கோத்தாரியோடு சேர்ந்து போருந்தா கிராமத்தில் ரூபாயன் சன்ஸ்தான் என்ற நாட்டார் வழக்காற்று நிறுவனத்தைத் தொடங்கியவர். ராஜஸ்தானியில் அவர் எழுதிய 'பாதாங் ரீ ஃபுல்வாடி' 14 தொகுதிகள். இந்தியில் தேர்ந்த கதைகள் கிடைக்கும். ஒரு எச்சரிக்கை: இவை வாய்மொழிக் கதைகளின் பதிவுகள் இல்லை. கேட்ட கதையைத் தன் போக்கில் மறுபடி எழுதியவர் அவர். ஒரு கதையிலிருந்து சாதி வழக்கத்தை மேற்கோள் காட்டப் போனால் மாட்டிக்கொள்வீர்கள்.

துணிச்சல் இருந்தால் 17ஆம் நூற்றாண்டுக்குப் போங்கள். ஜோத்பூர் திவான் முஹணோத் நைணசியின் 'மார்வாட் ரா பர்கனாங் ரீ விகத்' கிராமம் கிராமமாகப் பயிர், கிணறு, வரி என்று போகும். முழுதாக வாசிக்க முயல வேண்டாம், பழைய மார்வாடி படுத்தும். ஃபலோதி, போக்ரண் இரண்டு பர்கனாக்களை (அக்கால வருவாய் வட்டங்களை) மட்டும் எடுத்து, பக்கத்தில் வரைபடத்தை வைத்துக்கொண்டு, தண்ணீர் பற்றிய குறிப்புகளை மட்டும் பென்சிலால் கோடிடுங்கள்.

இனி டாட். 1829லும் 1832லும் வந்த அந்த இரண்டு தொகுதிகளில் இந்தியப் பாலைவனம் பற்றித் தனிப்பகுதி ஒன்று உண்டு. அதை மட்டும் வாசியுங்கள். பாலையின் உட்பகுதியில் தான் மண்டோருக்கு அப்பால் போனதில்லை, மற்றபடி ஹிஸார், ஆபு, புஜ் என்று ஓரங்களைப் பார்த்ததுதான் என்று அதன் தொடக்கத்தில் மனிதர் மறைக்காமல் சொல்லிவிடுகிறார். மண்டோர் இன்று ஜோத்பூர் நகரத்தோடு சேர்ந்துவிட்ட பகுதி. ஆட்டோவில் போய்விடலாம்.