தோட்டராமனுக்கு எந்தக் கை?
வாசகர் கேள்வி – ஆசிரியர் பதில்

‘பாதாள பைரவி’ படத்தைப் பற்றிச் சென்ற இதழில் நாம் எழுதிய சிறு குறிப்புக்கு மலேசியாவின் தெலுக் இந்தானிலிருந்தும் அதைச் சுற்றியுள்ள தோட்டங்களிலிருந்தும் கேள்விகள் வந்துள்ளன. அவற்றுள் சிலவற்றுக்கு இங்கே பதில் கூறுகிறோம்.

கேள்வி: பாகான் டத்தோ பக்கமிருந்து எங்கள் ஊருக்குக் குடிவந்த தெலுங்குக் குடும்பத்தினர் இதைத் தங்கள் படம் என்கிறார்கள். என் தாயாரோ, தாம் பார்த்தது தமிழ்ப் படம்தான் என்று சாதிக்கிறார். இது தமிழில் குரல் மாற்றி வெளியிட்ட படமா? – வாசகி, தெலுக் இந்தான்

பதில்: குரல் மாற்றிய படமன்று. நாகி ரெட்டியும் சக்கரபாணியும் விஜயா நிறுவனத்தின் பெயரில் தயாரிக்க, கே. வி. ரெட்டி இயக்கிய இப்படம் தெலுங்கு, தமிழ் ஆகிய இரு மொழிகளிலும் ஒருசேரப் படமாக்கப்பட்டது. 1951 மார்ச் மாதத்தில் தெலுங்கிலும், இரண்டு மாதம் கழித்துத் தமிழிலும் திரைக்கு வந்தது. தெலுங்குக்குப் பிங்கலி நாகேந்திர ராவ் எழுதினார். தமிழுக்கு எழுதியவர் தஞ்சை ராமையாதாஸ். கண்டசாலாவின் மெட்டில் தெலுங்கர் ‘கலவரமாயே’ என்று கேட்ட பாட்டைத்தான் தங்கள் தாயார் ‘அமைதி இல்லாதென் மனமே’ என்று கேட்டிருப்பார். ஆகவே தாயார் சொல்வதில் பிழையில்லை. ஆயினும் எழுத்தாளர், இயக்குநர், நாயகன், மாந்திரிகன் என்று முக்கியமான அனைவரும் தெலுங்கர்களாக இருக்கையில், இப்படத்தின் தாய்வீடு தெலுங்கு என்பதை ஒப்புக்கொள்வதே நியாயம். 1952இல் பம்பாயில் தொடங்கிய இந்தியாவின் முதல் பன்னாட்டுத் திரைப்பட விழாவுக்குத் தென்னாட்டிலிருந்து சென்ற ஒரே படமும் இதுவே.

கேள்வி: தோட்டராமனாக நடித்த என். டி. ராமாராவ் இடக்கையால் வாள் வீசுவார் என்று என் தகப்பனார் அடித்துச் சொல்கிறார். நான் குறுந்தட்டில் பார்த்தபோது வலக்கைதான் தெரிந்தது. வேறு பதிப்பு ஏதும் உண்டா? – செம்பனைத் தோட்டப் பணியாளர்

பதில்: வேறு பதிப்பைத் தேட வேண்டாம், தங்கள் தகப்பனார் எங்கே உட்கார்ந்து பார்த்தார் என்று கேளுங்கள். தோட்டத்துத் திடலில் இரண்டு கம்பங்களுக்கிடையே வெள்ளைத் துணியைக் கட்டிப் படம் காட்டிய காலத்தில், முன்பக்கம் பாய் விரித்த குடும்பங்கள் இடத்தை அடைத்துக்கொள்ள, பிந்தி வந்த இளைஞர்கள் துணிக்குப் பின்னால் போய் அமர்வது வழக்கம். துணியை ஊடுருவி வரும் படம் அங்கே இடம்வலம் மாறித் தெரியும். ஆகவே வலக்கை வாள் இடக்கை வாளாகிவிடும். தொடக்கத்தில் வரும் பெயர் எழுத்துகள் இடம்வலம் மாறித் தெரிந்தனவா என்று அவரிடம் கேட்டால் தெரிந்துவிடும். ஆனால் பின்பக்கம் உட்கார்ந்தவர்கள் பெரும்பாலும் பெயர் போட்டு முடிந்த பிறகு வந்தவர்களே.

கேள்வி: இது அலாவுதீன் கதையின் நகல் என்கிறார்கள். கதை நகல் என்றால், அந்த மாந்திரிகன் மட்டும் ஏன் இத்தனை ஆண்டுகளாகியும் நெஞ்சைவிட்டு நீங்கவில்லை? – ஓய்வுபெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியர்

பதில்: அலாவுதீனின் சாயல் இருப்பது உண்மை. குகைக்குள் இருக்கும் மாயப்பொருளை எடுக்க ஓர் இளைஞன் தேவைப்படுவதும், அரண்மனை ஒரே இரவில் எழும்புவதும், அது இளவரசியோடு மறைந்துபோவதும் அங்கிருந்து வந்தவையே. ஆனால் கதை நடக்கும் ஊர் உஜ்ஜயினி. விக்கிரமாதித்தன் கதையைப் படித்தவர்களுக்கு அந்தப் பெயரே போதும். வேதாளத்தைத் தூக்கி வரச் சொன்ன சந்நியாசி விக்கிரமாதித்தனையே பலியிட எண்ணியிருந்ததும், இறுதியில் அந்தச் சந்நியாசியே பலியானதும் நினைவுக்கு வந்துவிடும். இப்படத்தின் முதுகெலும்பு அதுதான் என்பது எம் கருத்து.

அலாவுதீனை ஏமாற்றியவனுக்கு ஓர் அப்பாவிச் சிறுவன் போதும். இப்படத்தின் நேபாள மாந்திரிகனுக்கோ அப்பாவி பயன்படமாட்டான். பைரவி என்னும் தெய்வத்துக்குப் பலியாக அஞ்சாத வீரன் ஒருவன் வேண்டும். ஆகையால் அவன் தோட்டக்காரன் மகனான ராமனை மிரட்டவில்லை. துணிந்தவனுக்கே இளவரசி கிடைப்பாள் என்று ஆசைகாட்டி, அவன் வீரத்தைப் புகழ்ந்து புகழ்ந்தே பலிபீடத்துக்கு அழைத்துச் செல்கிறான். ஊரில் இனிக்க இனிக்கப் பேசி ஆள்கட்டிக் கப்பலேற்றிய கங்காணிகளைப் பற்றிப் பாட்டன்மார் சொல்லக் கேட்டு வளர்ந்த நம்மவர்களுக்கு, இந்தக் குரல் புதிதாகவா இருந்திருக்கும்?

அந்தக் குரலுக்கு உரியவர் எஸ். வி. ரங்காராவ். நீண்ட தாடியும் கனத்த நடையும் கொண்ட அந்த மாந்திரிகனாக அவர் நடித்தபோது அவருக்கு வயது முப்பத்திரண்டுதான். இருபத்தேழு வயது ராமாராவைவிட ஐந்தே வயது மூத்தவர். தன்னைப் பலியிட வந்தவனையே ராமன் பலியிட்டு, கேட்டதைத் தரும் மாயப் பதுமையை எடுத்துச் செல்வதோடு கதை முடிந்திருந்தால், அது நல்ல வீரக்கதையாக மட்டும் நின்றிருக்கும். ஆனால் செத்த மாந்திரிகன் சீடனின் மூலிகையால் பிழைத்து வருகிறான். பதுமையைக் கவர்ந்து, ராமனின் செல்வம் அனைத்தையும் துடைத்துவிடுகிறான். அதன்பின் வெல்வது வாள் மட்டுமன்று. அஞ்சி என்னும் பெயருடைய ராமனின் நண்பன் சீடனைப் போல வேடமிட்டு, இளவரசிக்குப் பிடிக்கும் என்று ஆசைகாட்டி, மாந்திரிகனின் தாடியையே மழிக்க வைக்கிறான். ஆசைகாட்டி ஆளைக் கொன்றவன் ஆசைகாட்டப்பட்டே தோற்கிறான். ஒளிப்பதிவாளர் மார்க்கஸ் பார்ட்லியின் தந்திரக் காட்சிகளைப் பாராட்டாதவர் இல்லை. ஆயினும் எமக்கு அவற்றைவிட இந்தத் திரைக்கதைக் கணக்கே பெரிய மாயமாகத் தோன்றுகிறது.

கேள்வி: நடிகையர் திலகம் சாவித்திரி இதில் நடித்திருக்கிறாரா? – வாசகி, தெலுக் இந்தான்

பதில்: ஒரே ஒரு நடனத்தில் வருகிறார். இளவரசியாக நடித்தவர் கே. மாலதி. அதே இயக்குநரின் ‘மாயா பஜார்’ 1957இல் வெளிவந்தபோது சாவித்திரி நாயகியாகியிருந்தார். ரங்காராவ் அதில் கடோத்கசன்.

கேள்வி: எங்கள் தோட்டத்து ஆலயத் திருவிழாவில் இதைத் திரையிட எண்ணுகிறோம். சிறுவர்களும் வருவார்கள். காட்டலாமா? – ஆலய இளைஞர் ஒருவர்

பதில்: காட்டலாம். பலிபீடக் காட்சியில் மிகச் சிறிய பிள்ளைகள் அஞ்சக்கூடும். பெற்றோரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். படம் மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும் என்பதால் பூசை முடிந்து இரவு ஒன்பதுக்குத் தொடங்கினால் பிள்ளைகள் பாதியிலேயே தூங்கிவிடுவார்கள். இரண்டு இரவாகப் பிரித்து, அரண்மனை மறையும் இடத்தில் முதல் இரவை நிறுத்துங்கள். மறுநாள் கூட்டம் தானே வரும். கூடுமானால் தமிழ்ப் பதிப்பை ஓர் இரவும் தெலுங்குப் பதிப்பின் அதே பகுதியை இன்னோர் இரவும் காட்டிப் பாருங்கள். முதல் கேள்வி கேட்ட அம்மையாரின் வீட்டாரும் அண்டை வீட்டாரும் ஒரே பாயில் அமர்ந்து அந்த வழக்கைத் தீர்த்துக்கொள்ளட்டும்.