இறங்கும் ரயில்

அன்புள்ள ஐயா,

போன வாரம் டிவியில் மலை ரயில் பற்றிய ஆவணப்படம் ஒன்று பார்த்தேன். ‘1908, ஊட்டிக்கு வரும் முதல் ரயில்’ என்று எழுத்துப் போட்டு அரை நிமிடம் ஒரு பழைய காட்சி ஓடியது. நன்றிப் பட்டியலில் உங்கள் பெயர். என் தாத்தா குன்னூர் லோகோ ஷெட்டில் ஃபிட்டராக இருந்தவர். காட்சியில் இன்ஜின் முன்னால் வருகிறது, தண்டவாளத்துக்கு நடுவே, செங்குத்தான இடங்களில் இன்ஜினின் பல்சக்கரம் கவ்விக்கொள்ளும் பல்சட்டம் வேறு தெரிகிறது. ‘இதுவா ஊட்டிக்கு ஏறுற வண்டி?’ என்று அம்மா சிரிக்கிறார். அந்தக் காட்சி நீங்கள் கொடுத்ததுதானா?

ஒரு வாசகர், குன்னூர்

அன்புள்ள நண்பருக்கு,

கொடுத்தது நான்தான். 1908 என்று நான் சொல்லவில்லை. ஆனால் ‘ஊட்டி ரயில்’ என்று ஃபிலிமின் விவர அட்டையில் எழுதியது நான்தான், அதை மறைக்க முடியாது.

கோத்தகிரிப் பக்கம் காலி செய்த ஒரு பங்களாவில் கிடைத்த ரீல் அது. 16 எம்எம். அந்த அளவு ஃபிலிம் சந்தைக்கு வந்ததே 1923இல்தான், ஆகவே 1908க்கு வழியே இல்லை. கோடாக் ஃபிலிமின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று பொடிப்பொடியாகக் குறிகள் இருக்கும். ஃபிலிம் தயாரான ஆண்டைச் சொல்பவை. சிக்கல் என்னவென்றால், 20 வருடத்துக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வரும். இந்த ரீலின் குறி 1927, 1947, 1967 மூன்றுக்கும் பொருந்துகிறது. கடைசியில் ஒரு கார் வருகிறது, 1967க்கு அது ரொம்பப் பழசு. மீதி இரண்டையும் ஆவணப்படக்காரர்களுக்கு எழுதி அனுப்பினேன். “சார், ரெண்டு வருஷம் போட்டா ஸ்கிரீன்ல எடுக்காது” என்றார்கள். அப்புறம் மூன்றாவதாக ஒன்றைப் போட்டுவிட்டார்கள்!

போர்ட்டர் ஓட்டமும் நடையுமாகப் போவதைக் கவனித்திருப்பீர்கள். பாவம், அவர் சாதாரணமாகத்தான் நடந்தார். விநாடிக்கு 16 சட்டம் (ஃபிரேம்) வீதம் எடுத்ததை 24இல் ஓட்டியிருக்கிறார்கள். நீங்கள் பார்த்த அரை நிமிடம் உண்மையில் முக்கால் நிமிடம். இதையும் எழுதித்தான் கொடுத்தேன்.

சரி, என் தப்புக்கு வருகிறேன். இந்தப் பாதையில் இன்ஜின் எப்போதும் பள்ளத்துப் பக்கம்தான் இருக்கும்; ஏறும்போது பின்னாலிருந்து தள்ளும். முன்னால் இருந்தால் வண்டி இறங்குகிறது. பல்சட்டமோ கல்லாறிலிருந்து குன்னூர் வரைக்கும்தான். ஆக, ஊட்டியும் இல்லை, ஏறவும் இல்லை. 100 அடி ரீல், 4000 சட்டங்கள். தூசியும் கீறலும் தேடி ஒவ்வொன்றாகப் பார்த்தவன் நான். பல்சட்டம் கண்ணில் படவே இல்லை.

அட்டையைத் திருத்திவிட்டேன். ஆவணப்படக்காரர்களுக்கும் எழுதினேன், இன்னும் பதில் இல்லை.

முழு ரீலையும் சரியான வேகத்தில், மூலையில் நேரம் ஓடும்படி பிரதி எடுத்து அனுப்புகிறேன். நாலு நிமிடம்தான். மூன்றாவது நிமிடத்தில் வண்டி ஒரு ஸ்டேஷனில் நிற்கிறது. அது ஹில்கிரோவா, ரன்னிமீடா என்று அம்மாவிடம் கேட்டுச் சொல்ல முடியுமா?