ஒரு மாலுமியின் காதை அறுத்ததற்காகவா பிரிட்டன் 1739இல் ஸ்பெயின் மீது போர் தொடுத்தது?

காது ஒரு சாக்கு. ரெபெக்கா என்ற கப்பலின் கேப்டன் ராபர்ட் ஜென்கின்ஸின் காதை ஸ்பானியக் கரைக்காவல் கப்பல்காரர்கள் அறுத்தது 1731இல், கியூபாவுக்குப் பக்கத்தில். அந்த வருடமே அவர் லண்டனுக்கு வந்து முறையிட்டார். விஷயம் அப்புறம் அடங்கிப் போனது. பிரிட்டன் போர் அறிவித்ததோ 1739 அக்டோபரில். நடுவில், 1738இல், பிரதமர் வால்போலை மடக்க எதிரணிக்கு ஒரு சூடான விஷயம் தேவைப்பட்டது. பழைய புகாரைத் தூசி தட்டி எடுத்தார்கள். அறுந்த காதை ஜென்கின்ஸ் நாடாளுமன்றத்திலேயே எடுத்துக் காட்டினார் என்பது சுவையான கதை. அவைக் குறிப்புகளில் அதற்குச் சான்று இல்லை.

சரி, அப்படியென்றால் எதற்குச் சண்டை? என்னைக் கேட்டால் 1713இலிருந்து தொடங்க வேண்டும்.

ஸ்பெயினுக்கு அமெரிக்காவில் கண்டம் கண்டமாக நிலம் இருந்தது. ஆனால் ஆப்பிரிக்கக் கரையில் அடிமை வாங்கும் கோட்டைகள் இல்லை. அதனால் தன் குடியேற்றங்களுக்கு அடிமைகளைக் கொண்டுவந்து விற்கும் உரிமையை வெளியாருக்குக் குத்தகைக்கு விட்டது. அந்தக் குத்தகைக்குப் பெயர் அசியெந்தோ. போர்த்துகீசியர், ஜெனோவாக்காரர், டச்சுக்காரர் என்று கைமாறி வந்தது. பிரெஞ்சு மன்னர் பதினான்காம் லூயியின் பேரன் ஐந்தாம் பிலிப் ஸ்பெயினின் அரியணை ஏறியதும், 1701இல், அது பிரெஞ்சு கினி கம்பெனிக்குப் போனது. அந்த அரியணை யாருக்கு என்று மூண்ட ஸ்பானிய வாரிசுப் போரில் பிரிட்டன் இறங்கியதற்கு இந்த வணிகக் கவலையும் ஒரு காரணம். 1713இல் நெதர்லாந்தின் உத்ரெக்ட் நகரில் சமாதானம் பேசி முடிக்கும்போது ஜிப்ரால்டர், மினோர்க்காவோடு அசியெந்தோவையும் பிரிட்டன் வாங்கிக்கொண்டது. 30 வருடத்துக்கு, வருடம் 4,800 பியேசா. திடகாத்திரமான வாலிப வயது ஆள் என்றால் ஒரு பியேசா. குழந்தைகளும் வயதானவர்களும் அதில் பின்னம். சமாதான ஒப்பந்தத்தின் ஷரத்துகளுக்குள் மனிதர்களைப் பின்னக்கணக்கில் எழுதிவைத்திருக்கிறார்கள். இதைப் படித்த பிறகு உத்ரெக்ட்டை 'ஐரோப்பாவின் அதிகாரச் சமநிலையை நிறுவிய ஒப்பந்தம்' என்று மட்டும் சொல்ல எனக்கு மனம் வருவதில்லை.

பிரிட்டிஷ் அரசு இந்த உரிமையைத் தென்கடல் கம்பெனிக்குக் கொடுத்தது. 1720இல் பங்கு விலை ஆயிரம் பவுண்டு வரை ஏறி, சரிந்து, பலரைத் தெருவில் நிறுத்திய அதே கம்பெனிதான். சரிவுக்குப் பிறகும் அது அடிமை வணிகத்தைத் தொடர்ந்தது. கார்ட்டஹேனா, போர்ட்டோபெலோ, வெராக்ரூஸ், ஹவானா, புவெனஸ் அயர்ஸ் என்று ஸ்பானியத் துறைமுகங்களுக்குள்ளேயே அதன் ஏஜென்டுகள் உட்கார்ந்திருந்தார்கள்.

லண்டன் வணிகர்களுக்கு நாக்கில் எச்சில் ஊறவைத்தது இன்னொரு சலுகை. வருடத்துக்கு ஒரு கப்பல், 500 டன், சாதாரண வணிகச் சரக்கோடு போகலாம். அங்கே இறக்குமதி வரி கிடையாது. ஸ்பெயின் தன் அமெரிக்க வணிகத்தை முதலில் செவியா, 1717க்குப் பிறகு காதிஸ் என்று ஒரே துறைமுகத்தின் வழியாக மட்டுமே அனுமதித்து வந்தது. அங்கிருந்து கப்பல் கூட்டம் போனால்தான் போர்ட்டோபெலோவில் சந்தை கூடும். பெருவின் வெள்ளி பனாமா வழியாக அங்கே வந்து சேரும். அந்தச் சந்தைக்குள் வரி கட்டாத பிரிட்டிஷ் துணி வந்து இறங்கினால் காதிஸ் வியாபாரி என்ன விலைக்கு விற்பான்? போதாக்குறைக்கு, பிரிட்டன் வசமிருந்த ஜமைக்காவிலிருந்து சிறு படகுகள் இரவில் வந்து, காலியாகும் கப்பலை மறுபடி நிரப்புகின்றன என்று ஸ்பானியர்கள் புகார் சொல்லிக்கொண்டே இருந்தார்கள். கப்பலின் கொள்ளளவை அளப்பதிலேயே தகராறு. நான் சரக்கு ஏற்றுமதி ஆவணங்களோடு பிழைப்பு நடத்துபவன். தாளில் உள்ள எடையும் பெட்டிக்குள் உள்ள எடையும் சண்டை போடுவது 300 வருடத்துக்கு முன்பும் இப்படித்தான் என்று படித்தபோது சிரித்துவிட்டேன்.

இதில் எனக்கு மிகவும் பிடித்த இடம் ஆட்களைப் பற்றியது. மாட்ரிட்டில் பிரிட்டனின் தூதராக இருந்த பெஞ்சமின் கீன், அதே நேரத்தில் தென்கடல் கம்பெனியின் ஏஜென்டும்கூட. லண்டனில் ஸ்பெயினின் தூதராக இருந்த தொமாஸ் ஹெரால்டினோ, அதே கம்பெனியின் இயக்குநர் குழுவில் ஸ்பானிய மன்னரின் பிரதிநிதி. மன்னருக்கு அங்கே என்ன வேலை என்றால், அசியெந்தோ லாபத்திலும் ஆண்டுக் கப்பல் லாபத்திலும் அவருக்குக் கால் பங்கு! போட்டி நாட்டுக் கம்பெனியில் கூட்டாளி. கம்பெனி ஒழுங்காகக் கணக்கு காட்டவில்லை என்பது அவருடைய தீராத மனக்குறை. ஆக, ராஜதந்திரம் எங்கே முடிகிறது, கூட்டு வியாபாரத் தகராறு எங்கே தொடங்குகிறது என்று பிரிக்கவே முடியாது. 1718இலும் 1727இலும் இரு நாடுகளும் மோதியபோது ஸ்பெயின் கம்பெனியின் சரக்கைப் பறிமுதல் செய்தது. சமாதானம் வந்ததும் மறுபடி வியாபாரம்.

கம்பெனிக்கு வெளியே, ஜமைக்காவின் தனிக் கடத்தல்காரர்கள் வேறு. கம்பெனிக்கும் அவர்களுக்குமே ஆகாது. அவர்களைப் பிடிக்க ஸ்பெயின் வைத்திருந்த கரைக்காவல் கப்பல்கள் பெரும்பாலும் தனியாருடையவை. பிடிக்கும் சரக்கில்தான் அவர்களுக்கு வருமானம். ஸ்பானிய வெள்ளிக் காசு கிடைத்தால் கடத்தலுக்குச் சாட்சி என்பார்கள். பிரிட்டிஷ் குடியேற்றங்களில் அன்றாடம் புழங்கியதே அந்தக் காசுதான் என்னும்போது இது எவ்வளவு செல்லும்? ஜென்கின்ஸ் மாட்டியது இப்படிப்பட்டவர்களிடம்தான்.

வால்போல் போரை விரும்பவில்லை. 1739 ஜனவரியில் மாட்ரிட்டுக்குப் பக்கத்தில் எல் பார்தோ அரண்மனையில் கீன் ஓர் உடன்பாடு முடித்தார்: பிரிட்டிஷ் வணிகர்களின் இழப்புக்காக ஸ்பெயின் 95,000 பவுண்டு நான்கு மாதத்துக்குள் கொடுக்கும். ஆனால் தென்கடல் கம்பெனி தனக்கு 68,000 பவுண்டு பாக்கி வைத்திருக்கிறது, அதைக் கட்டாவிட்டால் அசியெந்தோவை நிறுத்திவிடுவேன் என்று பிலிப் தனியாக எழுதிக் கொடுத்தார். உடன்பாடு மக்களவையில் 260க்கு 232 என்று தட்டுத்தடுமாறித் தேறியது. கம்பெனி பாக்கியைக் கட்ட மறுத்தது. எதிரணியின் கூச்சலுக்குப் பயந்து, ஜிப்ரால்டரிலிருந்து கிளம்ப வேண்டிய கடற்படைப் பிரிவை அங்கேயே நிற்கச் சொன்னது அரசு. பீரங்கியை நீட்டிக்கொண்டு பணம் கேட்டால் யார் கொடுப்பார்கள்? மே மாதம் கெடு முடிந்தது. 95,000 வரவில்லை, அசியெந்தோ நிறுத்தப்பட்டது. அக்டோபரில் போர்.

ஒரே காரணம் பாக்கிதான் என்று நான் சொல்லவில்லை. கடலில் பிரிட்டிஷ் கப்பலை நிறுத்திச் சோதிக்க ஸ்பெயினுக்கு உரிமை உண்டா என்பது உண்மையான சட்டச் சிக்கல். ஆனால் அந்த ஜனவரியில் இரு அரசுகளும் சமாதானமாகப் போகவே பார்த்தன. அதைக் கெடுத்ததில் ஒரு கம்பெனியின் பிடிவாதத்துக்குப் பெரிய பங்கு இருக்கிறது.

நவம்பரில் அட்மிரல் வெர்னன் ஆறு கப்பல்களோடு போய் போர்ட்டோபெலோவைப் பிடித்தார். 1741இல் கார்ட்டஹேனாவில், ஸ்பானியத் தளபதி பிளாஸ் தெ லெஸோவின் பாதுகாப்புக்கு முன்னால், பிரிட்டன் படுதோல்வி அடைந்தது. அப்புறம் இது ஐரோப்பாவில் மூண்ட ஆஸ்திரிய வாரிசுப் போருக்குள் கரைந்து போனது.

1748இல் ஜெர்மனியின் ஆகன் நகரில் சமாதானம் ஆனபோது, அத்தனை முழக்கத்துக்கும் காரணமான சோதனை உரிமையைப் பற்றி ஒப்பந்தத்தில் ஒரு வரி இல்லை. அசியெந்தோவுக்கு மட்டும் நான்கு வருட நீட்டிப்பு எழுதினார்கள். அதுவும் முழுதாக ஓடவில்லை. 1750இல் மாட்ரிட்டில் கம்பெனி 1,00,000 பவுண்டு வாங்கிக்கொண்டு மிச்ச உரிமையை விட்டுக்கொடுத்தது. பேசி முடித்த பிரிட்டிஷ் தூதர் மறுபடியும் அதே கீன்.