பல மரம் கண்ட தச்சனா போரிஸ் வியான்?

கேள்வி: பிரெஞ்சுக் கலைஞர் போரிஸ் வியான் பொறியாளர், நாவலாசிரியர், டிரம்பெட் கலைஞர், பாடலாசிரியர், நடிகர் என்று பல துறைகளில் இயங்கியதாகப் படித்தேன். ‘பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டான்’ என்பது அவருக்குப் பொருந்தாதா?

பதில்: பொருந்தாது என்றே உறுதியாகச் சொல்வேன். 1920-இல் பாரிஸை அடுத்த வில்-தாவ்ரேயில் பிறந்த வியானுக்குச் சிறுவயதிலேயே வாதக் காய்ச்சலால் இதயம் பழுதுபட்டிருந்தது. ஆயினும் பகலில் பிரான்சின் தரநிர்ணய நிறுவனத்தில் பொறியாளராகப் பணியாற்றி, இரவில் ஜாஸ் குழுவில் டிரம்பெட் வாசித்து, கிடைத்த இடைவெளியில் நாவல்களும் எழுதினார். இந்த வேலைகள் அவரிடம் எப்படி ஒன்றாயின என்பதற்கு, 1947-இல் வெளிவந்த ‘நாட்களின் நுரை’ நாவலில் வரும் பியானோ ஒன்றே போதும். அதன் ஒவ்வொரு சுரத்துக்கும் ஒரு மதுவோ நறுஞ்சுவையோ இணைக்கப்பட்டிருக்கும். வாசிக்க வாசிக்கக் கோப்பையில் பானம் கலந்துகொண்டே வரும். ஒரு மிதிகட்டை அடித்த முட்டையைச் சேர்க்கும், மற்றொன்று பனிக்கட்டியைச் சேர்க்கும். வாசிப்பு மிகவும் சூடேறிவிட்டால் பானத்தில் ஆம்லெட் துண்டுகள் விழுந்து, விழுங்குவது கடினமாகிவிடும். விறுவிறுப்பான வாசிப்பை ஜாஸ் கலைஞர்கள் ‘சூடு’ என்றே குறிப்பிடுவார்கள். இயந்திரத்தைப் பழுதின்றி விளக்கத் தெரிந்தவரும் அந்தச் சூட்டை மேடையில் அறிந்தவரும் ஒரே ஆளாக இருந்ததால்தான் இந்தப் பத்தி எழுத முடிந்தது.

இதயத்தின் பொருட்டு டிரம்பெட்டைக் கைவிட நேர்ந்த பின், அலென் கொரகேர், ஆன்றி சல்வடோர் போன்ற இசைக்கலைஞர்களுடன் இணைந்து நூற்றுக்கணக்கான பாடல்களைப் படைத்தார். நடிப்பை மட்டும் அவருடைய பெரிய சாதனையாக நான் கருதவில்லை. 1956-இல் வந்த ‘நோத்ர தாம் தெ பரி’ படத்தில் ஏற்ற கர்தினால் வேடத்தைப் போல, சிறு வேடங்களே அவருக்கு வாய்த்தன. 1959 ஜூன் 23 அன்று, தம் நாவல் ஒன்றைத் தழுவிய படத்தின் சிறப்புக் காட்சி தொடங்கிய சில நிமிடங்களிலேயே அவர் மயங்கிச் சரிந்து உயிரிழந்தார். அப்போது அவருக்கு வயது 39.

கேள்வி: அவருடைய ‘படையை விட்டு ஓடியவன்’ பாடல் ஏன் எதிர்ப்பைச் சந்தித்தது?

பதில்: போருக்கான அழைப்பாணையைப் பெற்ற ஒருவன், எளிய மனிதர்களைக் கொல்வதற்காகத் தான் இவ்வுலகில் பிறக்கவில்லை என்று குடியரசுத் தலைவருக்கு எழுதும் கடிதமே அந்தப் பாடல். வியட்நாமில் பிரெஞ்சுப் படையின் தளமான தியன் பியன் பூ வீழ்ந்த அதே 1954 மே மாதத்தில் பாடகர் மூலூட்ஜி அதை மேடையேற்றினார். அவ்வாண்டு நவம்பரில் பிரான்சின் ஆட்சிக்கு எதிரான அல்ஜீரிய விடுதலைப் போரும் மூண்டது. இரு போர்களுக்கு நடுவில் ஒலித்த அந்தக் குரலைப் பொறுக்க முடியாதவர்கள் அதை எதிர்த்தனர்; வானொலியும் தடை செய்தது. வியான் முதலில் எழுதிய முடிவில், தன்னிடம் ஆயுதம் இருக்கிறது, தனக்குச் சுடவும் தெரியும் என்று காவலர்களை அவன் எச்சரிக்கிறான். போர் வேண்டாம் என்பவன் துப்பாக்கி ஏந்துவதா என்று மூலூட்ஜி தயங்கியதால் அந்த வரிகள் மாற்றப்பட்டன. இன்று நாம் கேட்கும் பாடலில் அவன் வெறுங்கையோடு இருக்கிறான்; காவலர்கள் சுடலாம் என்கிறான்.