மகளுக்கு இரண்டாம் இடம், வழக்குப் போடலாமா? – கேள்வி பதில்

இலங்கையில் பள்ளிக்கூடப் போட்டி முடிவுகளைச் சட்டப்படி எதிர்க்க முடியுமா என்று பலர் கேட்டிருக்கிறீர்கள். சட்டத்தரணி என்ற வகையில் தெரிந்ததைச் சொல்கிறேன்.

கொக்குவில் அம்மா: வலய மட்டத் தமிழ்மொழித் தினப் போட்டியில் மகள் வடிவாகப் பேசியும் இரண்டாம் இடம்தான். வழக்குப் போடலாமா?

யார் வடிவாகப் பேசினார் என்று நீதிமன்றம் பார்க்காது அம்மா. போட்டி விதிகளைச் சொல்லும் அரச சுற்றுநிருபத்தில் உள்ள முறைப்படி நடந்ததா என்றுதான் பார்க்கும். முதலில் இன்றைக்கே வலயப் பணிப்பாளருக்கு எழுத்தில் முறையிடுங்கள்.

நல்லூர் அப்பா: முதலிடம் பெற்ற பிள்ளைக்கு நடனம் பழக்குபவரே நடுவராக இருந்தார்.

இது வேறு கதை. நடுவர் உண்மையிலேயே பக்கம் சாய்ந்தார் என்று நிரூபிக்கத் தேவையில்லை, நியாயமான ஒருவருக்குச் சந்தேகம் வரும் நிலைமை இருந்ததா என்பதே கேள்வி. அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை (ரிட், அதாவது அரச அமைப்பின் முடிவை நீக்கும்படி நீதிமன்றம் இடும் ஆணை) கேட்கலாம், மாகாண விடயம் என்றால் மாகாண மேல் நீதிமன்றத்திலும் கேட்கலாம். ஆனால் போட்டிக்கு முதலே தெரிந்தும் பேசாமல் இருந்தீர்களா? அப்படியென்றால் அதையே உங்களுக்கு எதிராகச் சொல்வார்கள். இன்னொன்று, வென்ற பிள்ளையையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டிவரும், இல்லாவிட்டால் மனுவே விழலாம். ஒரு பிள்ளையின் பெயரை வழக்கில் போடுவதை நன்றாக யோசித்துச் செய்யுங்கள்.

சாவகச்சேரி ஆசிரியர்: புள்ளித்தாளைக் காட்ட மறுக்கிறார்கள்.

2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பியுங்கள். தருவதா இல்லையா என்று முடிவு சொல்லவே அவர்களுக்கு 14 வேலை நாள் இருக்கிறது. அரசு உங்கள் உரிமையை மீறியது என்று உயர் நீதிமன்றத்தில் போடும் அடிப்படை உரிமை மனுவுக்கோ ஒரு மாதம்தான். நாட்களை எண்ணிக்கொள்ளுங்கள்.

மானிப்பாய் அண்ணை: கோயில் திருவிழாப் போட்டி?

அது அரச அமைப்பு இல்லையே, எழுத்தாணை அங்கே சரிவராது. நிர்வாக சபையோடு கதைத்துப் பாருங்கள்.

உரும்பிராய் தம்பி: கேரளத்தில் கலோத்ஸவம் என்ற பள்ளிக் கலைவிழாப் போட்டி முடிவுக்கு எதிராக நீதிமன்ற உத்தரவோடு வந்து மேடை ஏறுகிறார்களே, நாங்கள் மட்டும் ஏன் பயப்பட வேண்டும்?

பயம் இல்லை தம்பி. அங்கே அப்பீல் குழு உண்டு, கட்டணம் உண்டு, வென்றால் அடுத்த மட்டத்தில் ஆடலாம். கிரேஸ் மார்க்குக்காக, அதாவது பரீட்சையில் கிடைக்கும் மேலதிகப் புள்ளிக்காக, அப்பீல்கள் குவிந்து நிகழ்ச்சிகள் நடுச்சாமம் தாண்டுவதும் அங்கேதான். 2018இல் திருச்சூரில் சிறுவர் உரிமை ஆணைக்குழுவின் பெயரில் போலி உத்தரவுகளே வந்தன.

உரும்பிராய் தம்பி: அப்போ அநியாயத்தைப் பொறுக்கவா?

நான் அப்படிச் சொல்லவில்லை. அந்த அப்பீல் குழு போல ஒன்று இங்கேயும், முடிவு வந்த அன்றே கேட்கும்படி, எல்லா வலயத்திலும் வேண்டும். அதற்குப் பெற்றோர் சேர்ந்து மாகாணக் கல்வித் திணைக்களத்தைக் கேளுங்கள், நானும் கையெழுத்து வைக்கிறேன். அடுத்த மட்டம் முடிந்தபின் வரும் எழுத்தாணையால் பிள்ளைக்குப் பயனில்லை, பயனில்லாத ஆணையை நீதிமன்றமும் தராது.

கோண்டாவில் அம்மா: மகன் சங்கீதத்தில் எல்லாரையும் விட நன்றாகப் பாடினான்...

முதல் பதிலைப் பாருங்கள். இதே கேள்வி இன்னும் நான்கு பேரிடமிருந்து வந்திருக்கிறது, ஒருவர்கூட முடிவு அறிவித்த திகதியை எழுதவில்லை. திகதியோடு எழுதுங்கள், பதில் சொல்கிறேன்.