பல்லைப் பிடித்துப் பார்த்து பூர்வீகம் சொல்ல முடியுமா?

மனிதப் பல்லின் வடிவமும் பரம்பரையும் பற்றி எது வேண்டுமானாலும் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். கேள்விகள் குவிந்துவிட்டன. நான் மானுடவியல் படித்தவன், பல் டாக்டர் இல்லை. பல்வலிக்கு மருந்து கேட்ட நான்கு பேரும் மன்னிக்கவும்.

காரிமங்கலத்திலிருந்து: சந்தையில் மாட்டுக்குப் பல் பார்த்து வயது சொல்கிறார்கள். அதுபோல மனிதனின் பல்லைப் பார்த்து எந்த இனம் என்று சொல்லலாமா சார்?

ஒரே ஒரு ஆளை உட்கார வைத்து, வாயைத் திறக்கச் சொல்லிவிட்டுக் கேட்டால், முடியாது. இருநூறு பேருடைய பல்லைப் பார்த்து, பல் வடிவத்தில் உள்ள சின்னச் சின்ன அடையாளங்களில் (கூறுகள் என்போம்) இந்தக் கூறு எத்தனை பேருக்கு, அந்தக் கூறு எத்தனை பேருக்கு என்று எண்ணினால், அந்த மக்கள் வேறு எந்த மக்களுக்கு நெருக்கம் என்று ஓரளவு சொல்லலாம். ஏறக்குறைய எல்லாக் கூறுகளும் எல்லா நாட்டிலும் உண்டு, விகிதம்தான் மாறும். 'என் பல்லை வைத்து என் சாதியைச் சொல்ல முடியுமா' என்று கேட்ட இருவருக்கும் இதே பதில்தான்.

ஓசூர், பல் கிளினிக் உதவியாளர்: வடகிழக்கிலிருந்து வேலைக்கு வந்த பையன்கள் பலருக்கு மேல் முன்பல்லின் உள்பக்கம் குழிவாக இருக்கிறது. நம் ஊர்க்காரர்களிடம் அவ்வளவாகப் பார்த்ததில்லை. ஏன் சார்?

நல்ல கண் உங்களுக்கு. இரண்டு ஓரமும் வரப்பு மாதிரி உயர்ந்து, நடுவில் மண் அள்ளும் ஷவல் போலக் குழிந்திருக்கும். அதனால் ஷவல் பல் என்றே பெயர். 1920இல் ஹர்ட்லிச்கா என்ற மானுடவியலாளர் இதை விரிவாக எழுதினார். கிழக்கு ஆசியர்களிடமும் அமெரிக்கப் பூர்வகுடிகளிடமும் மிக அதிகம்.

இதில் பெரிய பங்கு ஈ.டி.ஏ.ஆர். என்ற மரபணுவில் நடந்த ஒரு சின்ன மாற்றத்துக்கு. அந்த மாற்றம் முடியையும் தடிமனாக்குகிறது. 2013இல் அதை எலிகளுக்குள் புகுத்திப் பார்த்தபோது முடி தடித்தது, வியர்வைச் சுரப்பிகளும் கூடின. ஆக, இயற்கை தேர்ந்தெடுத்தது வியர்வைக்காகவோ வேறு எதற்காகவோ இருக்கலாம், பல்லின் வடிவம் கூடவே இனாமாக வந்திருக்கலாம். இன்னொரு வேடிக்கை, அழிந்துபோன பழைய மனித இனமான நியாண்டர்தால்களுக்கும் ஷவல் பல் உண்டு, ஆனால் இந்த மாற்றம் அவர்களிடம் இல்லை. பல் ஒரே மாதிரி இருந்தால் சொந்தம் என்று அவசரப்பட்டு முடிவு கட்டக்கூடாது என்பது இதனால்தான்.

பாலக்கோடு: எனக்கும் என் பெண்ணுக்கும் மேல் கடைவாய்ப்பல்லின் உள்பக்கம் சின்ன மொட்டு ஒன்று துருத்திக்கொண்டிருக்கிறது. நோயா?

இல்லைம்மா. கரபெல்லி முகடு என்பார்கள். 19ஆம் நூற்றாண்டில் ஆஸ்திரியப் பேரரசருக்குப் பல் மருத்துவராக இருந்தவர் கரபெல்லி, அவர் பெயர்தான். ஐரோப்பியர்களிடம் நிறைய, நம்மிடமும் உண்டு. பல மரபணுக்கள் சேர்ந்து செய்கிற வேலை என்பதால் சிலருக்கு வெறும் பள்ளமாக நிற்கும், சிலருக்கு முழு முகடாகவே எழும்பும். வலப்பக்கம் பெரிதாகவும் இடப்பக்கம் சிறிதாகவும் இருப்பதுண்டு. ஒரே ஆள், ஒரே மரபணு, அப்படியிருந்தும் இப்படி!

ஊத்தங்கரை: வயது நாற்பது. ஞானப்பல் முளைக்கவே இல்லை. வீட்டில் கிண்டல் செய்கிறார்கள்.

உலக அளவில் ஏறக்குறைய ஐந்தில் ஒருவருக்கு ஒரு ஞானப்பல்லாவது உருவாவதே இல்லை. உள்ளே புதைந்தும் கிடக்கலாம், எக்ஸ்ரே எடுத்தால் தெரிந்துவிடும். ஞானத்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று வீட்டில் சொல்லிவிடுங்கள்.

பென்னாகரம் பக்கம் ஒரு கிராமம்: தாத்தா, அப்பா, நான், தம்பி எல்லோருக்கும் பல் காவி. பெண் பார்க்கப் போன இடத்தில் 'பரம்பரை வியாதியா' என்று கேட்டுவிட்டார்கள். பதில் சொல்லத் தெரியவில்லை.

இதைப் படித்ததும் சங்கடமாக இருந்தது தம்பி. பரம்பரை இல்லை. உங்கள் ஊர்ப் பாறைக்குள்ளிருந்து வரும் ஃப்ளோரைடு அது. ஒரு லிட்டர் தண்ணீரில் 1.5 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக்கூடாது என்பது நம் நாட்டு வரம்பு. தர்மபுரி, கிருஷ்ணகிரியில் எத்தனையோ போர்வெல்கள் அதைத் தாண்டியவை. ஞானப்பல் நீங்கலாக மற்ற பற்களின் எனாமல், அதாவது பல்லின் கடினமான வெளி உறை, சுமார் எட்டு வயதுக்குள் உருவாகி முடிந்துவிடும். அந்த வயதில் குடித்த தண்ணீர்தான் கறையாக நிற்கிறது. கறை எனாமலுக்கு உள்ளேயே இருப்பதால் கரி போட்டுத் தேய்த்தாலும் போகாது, பல்தான் தேயும்.

மூன்று தலைமுறையும் ஒரே கிணற்றில் குடித்ததால் பரம்பரை மாதிரித் தெரிகிறது, அவ்வளவுதான். பல்லின் வடிவம் தாத்தா கொடுத்தது, கறை கிணறு கொடுத்தது. ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர் 2013இல் வந்ததே இதற்காகத்தான். பிறந்ததிலிருந்து அதை மட்டுமே குடித்து வளர்ந்த பிள்ளை உங்கள் தெருவில் இருந்தால் அதன் பல்லைப் பாருங்கள். அப்புறம், உங்கள் அம்மா நல்ல தண்ணீர் உள்ள ஊரில் பிறந்து வளர்ந்து வாக்கப்பட்டு வந்தவர் என்றால் அவர் பல்லையும் பாருங்கள். அடுத்த முறை பெண் பார்க்கப் போகும்போது அவரையும் கூட்டிக்கொண்டு போய்ச் சிரிக்கச் சொல்லுங்கள்.